ஊனமுற்ற சிப்பாயின் உபகாரச் சம்பளம்

பென்ஷன் என்ற சொல்லுக்கு நம் முன்னோர் ‘உபகாரச் சம்பளம்’ என்று பெயர் வைத்தனர். எஜமானன் மனமிரங்கிக் கொடுப்பது என்ற பொருள் அப்பெயரில் ஒளிந்து கிடக்கிறது. அப்பொருள் தவறு என்று 1982-ஆம் வருஷம் டிசம்பர் மாதம் 17-ந் தேதி நகாரா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. பென்ஷன் தர்மமன்று, செய்த ஊழியத்துக்குரிய பாத்தியதை என்பதே அத்தீர்ப்பின் சாரம். பெயர் எதுவாயினும் ஆகுக. பாத்தியதையுள்ளவன் தன் பாத்தியதையின் அளவை அறிந்திருக்கிறானா என்பதே நமது கேள்வி.

கோயமுத்தூரிலிருந்து பொள்ளாச்சிக்குச் செல்லும் ரஸ்தாவில் இடைவழியில் இருப்பது கிணத்துக்கடவு. பொன்மலை வேலாயுதசுவாமி கோயிலையும் தக்காளிச் சந்தையையும் கொண்டு இவ்வூரை அறிந்தோர் பலர். வடமேற்கே நீலகிரி மலைமீது, வெலிங்டனில், 1758-ல் தோன்றிய மதராஸ் ரெஜிமெண்டின் தலைமை நிலையம் இருக்கிறது. வடகிழக்கே சூலூரில் விமானப்படைத் தளம் இருக்கிறது. இவ்விரண்டுக்கும் அருகே வாழும் கொங்கு நாட்டுக் குடியானவர்களுக்கு ராணுவ சேவை புதிய விஷயமன்று. பிள்ளைகளில் ஒருவன் தோட்டத்துக்கு, ஒருவன் பட்டாளத்துக்கு என்று ஏற்பாடு செய்துகொண்ட குடும்பங்கள் உண்டு.

அவ்வாறு சென்றவன் முழங்கால் முறிந்தோ, காது செவிடாகியோ, வலிப்பு நோய் கண்டோ தவணைக்கு முன்பே திரும்புகிறான் என்று வைத்துக்கொள்வோம். அவன் கையில் ஒரு காகிதக் கட்டு இருக்கும். டிஸ்சார்ஜ் புத்தகம், வைத்தியக் குழுவின் அறிக்கை, பென்ஷன் உத்தரவு ஆகிய எல்லாம் ஆங்கிலத்தில் இருக்கும். சில ஹிந்தியில் இருக்கும். மாதந்தோறும் ஒரு தொகை பாங்கியில் சேருகிறது. அத்தொகை எவ்வாறு வந்தது என்று கேட்டால், ‘போடுகிறார்கள், வாங்குகிறோம்’ என்று அவன் பதில் கூறுவானேயானால், அவன் தன் உரிமையைப் பிறர் கணக்குக்கு ஒப்படைத்துவிட்டான் என்றே கொள்ள வேண்டும். அக்கணக்கு பெரிய வித்தையன்று. ஐந்தாம் வகுப்புக் கணிதம் போதும்.

மூன்று கேள்விகள்

கணக்கின் ஆதாரம் மூன்று கேள்விகளில் அடங்கும். ஊனம் எதனால் வந்தது? நூற்றுக்கு எத்தனை பங்கு? கடைசியாகப் பெற்ற சம்பளம் என்ன?

முதற்கேள்விக்கு விடை கூறுவது வைத்தியக் குழு. ஊனம் சேவையினால் நேர்ந்தது, அல்லது சேவையினால் அதிகப்பட்டது என்று அக்குழு எழுத வேண்டும். இரண்டுமில்லை என்று எழுதிவிட்டால் ஊனத்துக்குரிய பாகம் முழுவதும் அற்றுப்போகும். இரண்டாவது கேள்விக்கும் அக்குழுவே சதவீதம் குறிக்கிறது. சேவைக் காலத்தை முடித்து வருகிறவனுக்கு 20 சதவீதத்துக்குக் குறைந்த ஊனம் கணக்கில் சேராது. மூன்றாவதான சம்பளம் என்பது அடிப்படைச் சம்பளத்தோடு, ராணுவ சேவைக்கென்று தனியே தரப்படும் தொகையும் சேர்ந்தது. 7-வது சம்பளக் கமிஷனுக்குப் பின் சிப்பாய்க்கு இத்தொகை மாதம் 5,200 ரூபாய்.

பென்ஷன் இரு பாகமாக வரும். ஒன்று சேவைப் பாகம். இது கடைசிச் சம்பளத்தில் பாதி. ஊனத்தின் காரணமாகவே சேவையிலிருந்து நீக்கப்பட்டவனுக்கு, அவ்வூனம் சேவையினால் வந்ததாயின், இப்பாகத்தைப் பெற 15 வருஷம் ஊழியம் செய்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை. மற்றொன்று ஊனப் பாகம். 100 சதவீத ஊனத்துக்குக் கடைசிச் சம்பளத்தில் நூற்றுக்கு முப்பது. ஊனம் குறைந்தால் அதே விகிதத்தில் இதுவும் குறையும். இரண்டின்மீதும் பஞ்சப்படி உண்டு.

ஓர் உதாரணம்

கடைசிச் சம்பளம் 40,000 ரூபாய் பெற்று, 30 சதவீத ஊனத்தால் நீக்கப்பட்ட ஒருவனை எடுத்துக்கொள்வோம். சேவைப் பாகம் 20,000 ரூபாய். முழு ஊனத்துக்குரிய தொகை 12,000 ரூபாய். அதில் நூற்றுக்கு முப்பது 3,600 ரூபாய். இத்தோடு கணக்கு முடிந்தது என்று எண்ணுகிறவன் ஏமாந்தான்.

1996-ஆம் வருஷம் ஜனவரி முதல் ஒரு சலுகை அமுலில் இருக்கிறது. ஊனத்தால் நீக்கப்பட்டவனுடைய சதவீதம் 50-க்குக் குறைந்தால் அதை 50 என்றும், 50 முதல் 75 வரையில் இருந்தால் 75 என்றும், அதற்கு மேற்பட்டால் 100 என்றும் உயர்த்திக் கணக்கிட வேண்டும். ஆகவே நம் சிப்பாயின் 30 சதவீதம் 50 ஆகிறது. ஊனப் பாகம் 6,000 ரூபாய். மொத்தம் 26,000 ரூபாயும் பஞ்சப்படியும். இச்சலுகையை அறியாதவனுக்கும் அறிந்தவனுக்கும் மாதம் 2,400 ரூபாய், வருஷத்துக்கு 28,800 ரூபாய் வித்தியாசம். ஒரு பிள்ளையின் காலேஜ் செலவில் ஒரு பகுதி இதில் தீரும்.

சேவைக் காலத்தை முடித்து ஊனத்தோடு ஓய்வு பெற்றவர்களுக்கு இச்சலுகை இல்லை என்று சர்க்கார் வெகுகாலம் வாதாடிற்று. 2014-ஆம் வருஷம் டிசம்பர் 10-ந் தேதி ராம் அவதார் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு அவ்வாதத்தைத் தள்ளிவிட்டது. அதன் பின்னும் பலர் தீர்ப்பாயத்தின் படியேறித்தான் இதைப் பெற்றனர்.

எதிரியோடு பொருத களத்தில் காயமுற்று நீக்கப்பட்டவனுக்கு விகிதம் வேறு. முழு ஊனத்துக்குக் கடைசிச் சம்பளம் முழுவதுமே யுத்தக் காயப் பாகமாகும். அதே 40,000 ரூபாய் சம்பளத்தில், 50 சதவீதம் என்று உயர்த்திக் கணக்கிடப்படும் ஊனத்துக்கு 20,000 ரூபாய். பிறர் துணையின்றி வாழ இயலாத முழு ஊனமுற்றோர்க்கு உதவியாள் படியும் உண்டு; 7-வது கமிஷனையொட்டி இது மாதம் 6,750 ரூபாய் என நிர்ணயிக்கப்பட்டது.

ஓர் எச்சரிக்கையும் அவசியம். 2023-ஆம் வருஷம் செப்டம்பர் 21-ந் தேதி முதல் விதிகள் மாறின. ஊனத்தோடு சேவையில் நீடித்து ஓய்வு பெறுகிறவர்களுக்குரிய தொகைக்குப் பெயரும் மாறிற்று. தாம் வெளிவந்த தேதிக்கு எந்த விதி பொருந்தும் என்று பார்த்தே கணக்கிட வேண்டும்.

குடும்பத்தின் பங்கு

சிப்பாய் இறந்தபின் மனைவிக்குக் கிடைப்பதும் காரணத்தைப் பொறுத்தே மாறுகிறது. சேவைக்குத் தொடர்பில்லாத சாவாயின் சாதாரணக் குடும்பப் பென்ஷன். கடைசிச் சம்பளத்தில் நூற்றுக்கு முப்பது. சேவையிலிருக்கும்போதே இறந்தால் முதல் 10 வருஷத்துக்கு ஐம்பது. சாவு சேவையினால் நேர்ந்ததாயின் விசேஷக் குடும்பப் பென்ஷன், நூற்றுக்கு அறுபது. களத்தில் மாண்டவன் குடும்பத்துக்குக் கடைசிச் சம்பளம் முழுவதும். நாம் மேலே கூறிய 40,000 ரூபாய்க்கு இவை முறையே 12,000, 20,000, 24,000, 40,000 ரூபாய்.

ஊனப் பென்ஷன் வாங்கியவன் வீட்டிலே காலமானால், அவனோடு அவன் ஊனப் பாகமும் நின்றுவிடும். அந்த ஊனமே சாவுக்குக் காரணம் என்று காட்ட வேண்டியிருந்தால் வைத்தியக் காகிதங்களே சாட்சி. கணவன் போனபின் பழைய காகிதம் என்று அவற்றைக் கடையில் எடைக்குப் போடும் குடும்பம், தன் வழக்கைத் தானே எடைக்குப் போடுகிறது.

முதற்கேள்வியே முட்டுக்கட்டை

கணக்கு எளிதாயின் துன்பம் எங்கே? முதற்கேள்வியில் இருக்கிறது. சிப்பாய் பட்டாளத்தில் சேரும்போது தலை முதல் கால் வரை பரிசோதித்து, பூரண ஆரோக்கியமுள்ளவன் என்று எழுதிச் சேர்த்துக்கொள்ளுகிறார்கள். பத்து வருஷம் கழித்து அவனுக்கு நோய் கண்டால், ‘இது பிறவியிலே வந்தது, சண்டையில்லாத இடத்தில் வந்தது, சேவைக்குச் சம்பந்தமில்லை’ என்று ஒரு வரி எழுதிவிடுகிறார்கள். அவ்வொரு வரி அவன் ஆயுட்கால வருமானத்தைத் தின்றுவிடுகிறது.

தரம்வீர் சிங் என்ற சிப்பாயின் கதை இதற்குச் சான்று. 1985-ல் சேர்ந்த அவர், 1994-ல் வலிப்பு நோயின் காரணமாக 20 சதவீத ஊனத்தோடு நீக்கப்பட்டார். பென்ஷன் மறுக்கப்பட்டது. 2013-ஆம் வருஷம் ஜூலை 2-ந் தேதிதான் சுப்ரீம் கோர்ட்டு அவருக்கு நியாயம் வழங்கிற்று. சேர்க்கும்போது நோய் குறிக்கப்படவில்லையாயின், சிப்பாய் ஆரோக்கியமாகவே சேர்ந்தான் என்று கொள்ள வேண்டும். சந்தேகத்தின் பலன் அவனுக்கே உரியது. நிரூபிக்கும் பாரம் அவன் தலைமேல் இல்லை என்று 1982-ஆம் வருஷத்து விதிகளைக் கொண்டே கோர்ட்டு விளக்கிற்று. விதி முன்பே இருந்தது. அதைப் படித்துப் பார்க்கப் பத்தொன்பது வருஷம் பிடித்தது.

இது ஒருவர் கதையன்று. 2015-ல் பாதுகாப்பு மந்திரியாயிருந்த மனோகர் பரிக்கர் நியமித்த நிபுணர் குழு, ஊனமுற்ற சிப்பாய்களுக்கு விரோதமாக இலாகா அப்பீலுக்கு மேல் அப்பீல் செய்யும் வழக்கத்தைக் கண்டித்தது. தேசத்துக்காக உடம்பு கெட்டவன், தேசத்தின் பொக்கிஷப் பணத்தைக் கொண்டு வாதாடும் வக்கீல்களை எதிர்த்து நிற்க நேர்வது எந்த நீதி சாஸ்திரத்துக்கும் அடுக்காது.

சிப்பாயின் காலும் தளபதியின் காலும்

கம்பெனியார் காலத்தில், வங்காள நவாப் மீர் ஜாபர் விட்டுச் சென்ற பணத்தைக் கொண்டு 1770-ல் கிளைவ் நிதி ஏற்படுத்தினர். பணம் இந்நாட்டினது, பலன் ஊனமுற்ற ஐரோப்பிய வீரர்க்கும் அவர்தம் விதவைகளுக்கும். அந்த நிறபேதம் ஒழிந்தது. சம்பளத்தை ஒட்டிய பேதம் நிற்கிறது. 7-வது கமிஷன் விகிதப்படி சிப்பாயின் ஆரம்பச் சம்பளம் 21,700 ரூபாயும் ராணுவ சேவைத் தொகை 5,200 ரூபாயும் சேர்ந்து 26,900 ரூபாய். அவன் முழு ஊனமுற்றால் ஊனப் பாகம் 8,070 ரூபாய். இரண்டு லக்ஷம் ரூபாய் சம்பளமுள்ள தளபதிக்கு அதே ஊனத்துக்கு 60,000 ரூபாய். அமெரிக்காவில் 10 முதல் 100 சதவீதம் வரை ஒரே அட்டவணை, படிநிலை பார்ப்பதில்லை. 30 சதவீதமும் அதற்கு மேலுமுள்ளவர்க்கு மனைவி, மக்கள், ஆதரவில் வாழும் பெற்றோர் ஆகியோரை எண்ணித் தொகையைக் கூட்டுகிறார்கள்.

2015-ல் நமது 7-வது சம்பளக் கமிஷன், முழு ஊனத்துக்கு அதிகாரிகளுக்கு 27,000, இடைநிலை அதிகாரிகளுக்கு 17,000, சிப்பாய்களுக்கு 12,000 ரூபாய் என்று நிலையான தொகைகளைச் சிபார்சு செய்தது. சிவில் உத்தியோகஸ்தருக்கு விகித முறையை வைத்துக்கொண்டு ராணுவத்தாருக்கு மட்டும் மாற்றுவது அநியாயம் என்று படைகள் ஆட்சேபித்தன. அவ்வாட்சேபணையில் நியாயம் இருந்தது. 2017-ல் சர்க்கார் விகித முறையையே நிலைநிறுத்திற்று. நமது அபிப்பிராயம் இதுவே: விகிதம் இருக்கட்டும், ஆனால் கமிஷன் கூறிய 12,000 ரூபாயைக் கீழ்வரம்பாக வைத்து, இரண்டில் எது அதிகமோ அதைச் சிப்பாய்க்கு வழங்குக. தளபதிக்கு இதனால் ஒரு காசும் குறையாது.

அக்னி வீரர்கள்

2022 முதல் நான்கு வருஷத் தவணையில் சேரும் அக்னி வீரர்களுக்கு மாதப் பென்ஷன் என்பதே கிடையாது. சேவையினால் நேர்ந்த ஊனத்துக்கு 100, 75, 50 சதவீதம் என்ற கணக்கில் முறையே 44 லக்ஷம், 25 லக்ஷம், 15 லக்ஷம் ரூபாய் ஒரே தடவையில் தரப்படும். மீதித் தவணையின் சம்பளமும் கிடைக்கும். தொகை பெரிதுதான். எனினும் 15 லக்ஷத்தை நூற்றுக்கு ஏழு வட்டிக்குப் போட்டால் மாதம் 8,750 ரூபாய். முதல் கையிலிருக்கும், ஆனால் பஞ்சப்படி இல்லை. அதே ஊனத்தோடு நீக்கப்பட்ட நிரந்தரச் சிப்பாய், 26,900 ரூபாய் ஆரம்பச் சம்பளக்காரனாயினும், 17,485 ரூபாயும் பஞ்சப்படியும் ஆயுள் முழுவதும் பெறுவான். இருபத்திரண்டு வயதில் ஊனமுற்றவனுக்கு முன்னே நாற்பது ஐம்பது வருஷம் கிடக்கிறது. விலைவாசி ஏற ஏற அவன் முதல் தேய்ந்துகொண்டே போகும். இவர்களுக்கும் மாத உதவி வேண்டுமென்று சட்டசபையிலும் பார்லிமெண்டிலும் கேட்பது பிரதிநிதிகள் கடமை.

செய்ய வேண்டுவன

சர்க்கார் செய்ய வேண்டுவன இரண்டு. வைத்தியக் குழு பென்ஷனை மறுக்குமாயின் அதன் காரணத்தை விவரமாக எழுதி, சிப்பாய்க்கு விளங்கும் பாஷையில் கொடுக்க வேண்டும். கோர்ட்டு முடிவு செய்த விஷயத்தில் ஒவ்வொருவனையும் தனித்தனியே கோர்ட்டுக்கு இழுக்கும் வழக்கத்தை விட வேண்டும்.

நம்மவர் செய்ய வேண்டுவதும் உண்டு. கிராமந்தோறும் பொதுக்காரியத்தில் ஈடுபட்ட வாலிபர்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமையை இதற்கு ஒதுக்குக. ஊரிலுள்ள பழைய சிப்பாய்களையும் விதவைகளையும் சாவடியில் கூட்டி, மூன்று கேள்விகளையும் கேட்டு, தொகையைக் கணக்கிட்டுப் பாங்கிப் புத்தகத்தோடு ஒப்பிடுக. குறைவு கண்டால் கோயமுத்தூரிலுள்ள முன்னாள் படைவீரர் நல அலுவலகத்தின் மூலம் மனுச் செய்க. பயனில்லையேல் 2007-ஆம் வருஷத்துச் சட்டப்படி ஏற்பட்ட ஆயுதப் படைத் தீர்ப்பாயம் சென்னையில் இருக்கிறது. காலதாமதம் கூடாது, தாமதம் நிலுவையைக் குறைக்க இடங்கொடுக்கும்.

டிசம்பர் 7-ந் தேதி கொடிநாளில் உண்டியலில் காசு போடுகிறோம், நல்லதே. மற்ற நாட்களில் ஒரு சிப்பாயின் காகிதக் கட்டை அவிழ்த்து, அரைமணி நேரம் அவனோடு உட்கார்ந்து கணக்குப் பார்ப்போமாயின், அவ்வுண்டியலில் விழும் காசைக் காட்டிலும் அதிகமாக அவனுக்கு ஒவ்வொரு மாதமும் சேரும்.