நாற்காலியின் மானம்

பாலாற்றை ஒட்டிய ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டை முதலிய ஊர்கள் தோல் தொழிலுக்குப் பெயர் பெற்றவை. அங்கே ஒரு காலணி உருவாகப் பலருடைய கைகள் வேண்டும். ஒருவர் தோலை வெட்டுவார், ஒருவர் தைப்பார், ஒருவர் கட்டையில் ஏற்றி வடிவு செய்வார், மற்றொருவர் அடிப்பாகத்தை ஒட்டுவார். ஒவ்வொருவர் பணியும் முன்னரே வரையறுக்கப்பட்டது. அளவு பிறழின் காலணி காலுக்குப் பொருந்தாது.

கூட்டுப்பணியில் வேறொரு வகையும் உண்டு. தெருக்கூத்தில் கட்டியக்காரன் பேசுவன எல்லாம் ஏட்டில் எழுதப்பட்டவை அல்ல. அவையோர் முகக்குறிப்பையும் உடன் நடிப்போர் சொல்லையும் அறிந்து, அந்நொடியிலேயே அவன் வேடிக்கை புனைவான். இசைவாணர் இவ்வாற்றலை மனோதர்மம் என்பர்.

இவ்விளையாட்டு உணர்வு திரைப்படத்திலும் புகுந்தது. 'நாற்காலிக் கதை' எனப் பொருள்படும் குறும்படம் ஒன்றை நார்மன் மெக்லாரன், குளோட் ஜுத்ரா என்னும் இருவரும் 1957-இல் கனடா நாட்டுத் தேசியத் திரைப்பட வாரியத்தின் சார்பில் உருவாக்கினர். ஏறத்தாழப் பத்து நிமிடம் ஓடும் அப்படத்தில் உரையாடலே இல்லை. நூல் படிக்க விரும்பிய ஒருவன் நாற்காலியில் அமர முயல்கிறான். நாற்காலி விலகி ஓடுகிறது. துரத்துகிறான், போராடுகிறான், தோற்கிறான். இறுதியில், நாற்காலி தன்மீது அமருமாறு அவனே இடங்கொடுக்கிறான். அதன் பின்னரே நாற்காலி அவனுக்கு இசைகிறது.

அம்மனிதனாக நடித்தவர் ஜுத்ரா. நாற்காலிக்கு உயிரூட்டியவர் ஈவ்லின் லாம்பார்ட் என்னும் அம்மையார். நூல்களைக் கட்டி இயக்கும்பொழுது கை ஒரு கணம் பிந்தினாலும் நாற்காலி வெறும் மரமாகிவிடும் அன்றோ? இசை வழங்கியோர் நம் நாட்டுச் சிதார்க் கலைஞர் ரவிசங்கரும் தபலாக் கலைஞர் சதுர்லாலும் ஆவர். இராகத்தையும் தாளத்தையும் எல்லையாகக் கொண்டு, அவ்வெல்லைக்குள் உரிமையோடு உலவுவதே இந்திய இசை மரபு. நாற்காலியின் ஊடலும் ஓட்டமும் அவ்விசையால் பேச்சுப் பெற்றன.

பிற்காலத்தில் நம் நாட்டிலும் இத்தகைய முயற்சி நிகழ்ந்தது. இந்திய அரசின் திரைப்படப் பிரிவில் பணியாற்றிய பிரமோத் பதி, ஓவியர் ஆபித் சுர்த்தியோடு கூடி 'ஆபித்' என்னும் குறும்படத்தை 1972-இல் அளித்தார். உயிருள்ள ஓவியரையே படம் படமாகப் பதிவு செய்து, பொம்மைபோல் திரையில் துள்ளச் செய்தார்.

மனம்போன போக்கு வேறு, மனோதர்மம் வேறு. முன்னது தன்னையே காணும். பின்னது உடன் நிற்பவரையும் காணும். பிறர்க்கு இடங்கொடுப்பவனுக்கே இடம் கிடைக்கும் என்பதை ஒரு நாற்காலி உலகுக்கு உணர்த்திற்று.