எண்ணும் பெயரும்

கூத்துக் களரியிலே ஒரு பாத்திரம் தோன்றும்போது முதலில் நிகழ்வது அதன் வரவு. அரசனாயினும் கட்டியகாரனாயினும், தான் இன்னான் என்பதைப் பாட்டாலும் ஆட்டத்தாலும் அவைக்கு அறிவித்த பின்னரே கதைக்குள் அடியெடுத்து வைக்கின்றான். மட்டக்களப்பிலும் முல்லைத்தீவிலும் மன்னாரிலும் வழிவழியாக நிலைத்த இக்கலையைப் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களிற் பேராதனைப் பல்கலைக்கழக மாணவரைக் கொண்டு நகர மேடைக்குக் கொணர்ந்தார். வட்டக் களரி மேடையாயிற்று. இரவு முழுவதும் நீண்ட ஆட்டம் சில மணி நேரத்துள் அடங்கிற்று. பாத்திரம் தன்னை யாரென்று சொல்லும் மரபு மட்டும் மாறாது நின்றது.

இன்றைய பிள்ளைகளின் களரி அவர்தம் உள்ளங்கையிலே இருக்கின்றது. தெஹிவளையில் மாலை வேளைகளிலே மாணவருக்குத் தமிழ் கற்பிப்பவன் நான். ஆதலால் அக்களரிக்குப் பாத்திரங்கள் எவ்வாறு வருகின்றன என்பதை அருகிருந்து காணும் வாய்ப்பு எனக்கு அடிக்கடி கிட்டுகின்றது. வகுப்புத் தொடங்குமுன் கைத்தொலைபேசியைச் சூழ்ந்து நிற்கும் சிறுவர், "நான் 199", "நான் 67" என்று தம்மை அறிவித்துக்கொள்ளுகின்றனர். வரவு உண்டு, பெயர் இல்லை. அவர்கள் ஆடுவது, கொரிய நாடகமொன்றின்மீது கொண்ட ஆர்வத்தால் அதன் இரசிகர் தாமே இயற்றிய இணைய விளையாட்டு.

அந்நாடகத்தை அறியாத அன்பர்களுக்குச் சிறிது கூறுதல் வேண்டும். "ஸ்குவிட் கேம்", அதாவது கணவாய் விளையாட்டு, கொரியச் சிறுவர் நிலத்திற் கோடு கீறி ஆடிய ஓர் ஆட்டத்தின் பெயர். அப்பெயரிலே ஹுவாங் டொங்-ஹியூக் எழுதி இயக்கிய தொடரை நெட்பிளிக்ஸ் நிறுவனம் 2021 செப்டெம்பர் 17ஆம் நாள் வெளியிட்டது. கடனில் மூழ்கிய 456 பேர் ஒரு தீவுக்குக் கொண்டுசெல்லப்படுகின்றனர். அங்கே அவர்கள் சிறுவர் விளையாட்டுக்களை ஆடவேண்டும். வெல்பவருக்கு 4,560 கோடி வொன் பரிசு, தோற்பவருக்கு மரணம். பச்சை உடையும் மார்பிலே ஓர் எண்ணுமே அவர்களுடைய அடையாளம். இளஞ்சிவப்பு உடையணிந்த காவலர் முகமூடிக்குள்ளே மறைந்திருப்பர். வட்டக் குறியுடையவர் ஏவலர். முக்கோணக் குறியுடையவர் ஆயுதம் தாங்கியவர். சதுரக் குறியுடையவர் மேலாளர்.

நாடகத்தின் தலைவனாகிய கி-ஹுன், வேலை பறிபோனபின் வாழ்வு சரிந்த மோட்டார்த் தொழிலாளி. 2009இல் தென்கொரியாவின் சங்யொங் மோட்டார் நிறுவனத்திலே ஆட்குறைப்பை எதிர்த்து 77 நாட்கள் நடைபெற்ற வேலைநிறுத்தத்தை மனத்திற்கொண்டே அப்பாத்திரத்தைப் படைத்ததாக இயக்குநர் கூறியுள்ளார். இரத்தமும் முகமூடியும் பார்ப்போரை ஈர்க்கும் வெளித்தோற்றம். கதையின் உட்பொருள் கடன். கடன்பட்ட மனிதன் எண்ணாகத் தேய்வது அதன் துயரம்.

இதை விளையாட்டாக மாற்றுவதில் இரசிகர் காட்டிய வேகம் வியக்கத்தக்கது. ரோப்லொக்ஸ் என்னும் தளம், ஆடுவோர் தாமே விளையாட்டுக்களை ஆக்கிப் பிறருக்கு வழங்க இடந்தருவது. நாடகம் வெளிவந்து சில கிழமைகளுக்குள்ளே அங்கே அதன் ஆடுகளங்கள் பலவாக முளைத்துவிட்டன. அதே ஆண்டு ஒக்டோபரில், டானி என அறியப்படும் நோர்வே இளைஞர், கணவாயின் பெயரை விடுத்து நண்டின் பெயரைச் சூட்டிக் "கிராப் கேம்" என்ற விளையாட்டை இலவசமாக வெளியிட்டார். உரிமையுடைய நிறுவனம் தனது சொந்த விளையாட்டைக் கொண்டுவந்தது 2024 டிசெம்பரிலேதான். ரோப்லொக்ஸ் தளத்தில் முறைப்படி அனுமதி பெற்று இந்நாடகத்தைத் தழுவுவதற்கு வழி திறந்தது 2025 யூலையில். இரசிகர் முன்னே நடக்க, உரிமையாளர் பின்னே வந்தனர்.

இவ்விளையாட்டுக்களிலே பாத்திரம் ஏற்கும் முறைதான் என்னைச் சிந்திக்க வைத்தது. உள்ளே நுழைபவருக்குப் பொதுவாக ஓர் எண் தரப்படும். அவர் ஆட்டக்காரர் ஆவார். காவலர் வேடமோ பல விளையாட்டுக்களில் விலைக்கு வைக்கப்பட்டிருக்கின்றது. பெற்றோரின் பணத்தைக் கொடுத்து ரோபக்ஸ் என்னும் அத்தளத்து நாணயத்தை வாங்கி, அந்நாணயத்தால் முகமூடியையும் துவக்கையும் வாங்கலாம். பணமில்லாதவன் எண்ணாகின்றான், பணமுள்ளவன் அவன் உயிரோடு விளையாடுகின்றான் என்று நொந்து எழுந்த கதை அது. அக்கதையின் விளையாட்டிலே, பணமுள்ள பிள்ளை காவலனாகின்றான். ஏனைய பிள்ளைகள் அவன் முன் அசையாது நிற்கின்றனர். நாடகம் கண்டித்த நியதி விளையாட்டின் கடைச்சரக்காயிற்று.

எந்த வேடம் உங்களுக்கு விருப்பம் என்று ஒருநாள் மாணவரை வினவினேன். பெரும்பாலோர் காவலரையே விரும்பினர். காரணம் கேட்டபோது ஒருவன், "சேர், காவலாளிக்குத் துவக்கு இருக்கு. மற்றவைக்கு நம்பர் மட்டுந்தானே இருக்கு" என்றான். அவனைக் கடிந்துகொள்ள எனக்கு மனம் வரவில்லை. அவன் உலகியலைச் சரியாகவே கண்டிருந்தான். ஆயினும் முகமூடியிட்ட ஒருவரின் தலையசைப்பால் இளைஞர் பிரித்தெடுத்துக் கொண்டுசெல்லப்பட்ட காலம் ஒன்று இந்நாட்டிலே இருந்தது. அக்காலத்திற் பிறவாத பிள்ளை முகமூடிப் பக்கத்தை இத்துணை எளிதாகத் தெரிந்துகொள்வது எனக்கு நெருடலாகவே இருந்தது.

நல்வாய்ப்பாக, இரசிகர் வேறொன்றையும் செய்கின்றனர். நாடகத்திலே 456 பேரிற் பெரும்பாலோர் எண்ணாக வந்து எண்ணாகவே மறைபவர்கள். இரசிகர் அவ்வெண்களுள் ஒன்றை எடுத்து, அதற்கு ஒரு பெயர், ஊர், தொழில், கடன் வந்த வரலாறு, அஞ்சும் பொருள், ஏங்கும் உறவு ஆகியவற்றைப் புனைகின்றனர். பின்னர் அப்பாத்திரமாகவே விளையாட்டினுள் நுழைந்து, பிறர் புனைந்த பாத்திரங்களோடு உரையாடுகின்றனர். எவரும் அவர்களை இவ்வாறு செய்யும்படி கேட்கவில்லை. இதற்கு விலையும் இல்லை.

என் மாணவி ஒருத்தி அப்பியாசக் கொப்பியின் கடைசித் தாளிலே அத்தகைய பாத்திரம் ஒன்றை எழுதி வைத்திருந்தாள். தலவாக்கலைத் தோட்டமொன்றிற் பிறந்து கொரியாவிலே தொழிற்சாலை வேலைக்குப் போன இளைஞன். கடன்: அக்காவின் கலியாணம். அஞ்சுவது: பனி. அறிந்த கொரியச் சொற்கள்: 40. பையில் இருப்பது: அம்மா கட்டிக்கொடுத்த தேயிலைப் பொட்டலம். இவ்வளவே எழுதியிருந்தாள். ஆனால் அவள் மனத்திலே அந்த இளைஞன் முழு உருவம் பெற்றிருந்தான் என்பது எனக்கு விளங்கிற்று.

இக்கற்பனைக்கு வேர்கள் உண்டு. தென்கொரியா 2004இல் வெளிநாட்டுத் தொழிலாளருக்கு அனுமதி வழங்கும் திட்டத்தைத் தொடங்கியபோது இணைந்த முதல் நாடுகளுள் இலங்கையும் ஒன்று. நாடகத்திலும் அத்தகைய தொழிலாளி ஒருவன் வருகின்றான். பாகிஸ்தானியனாகிய அலி, எண் 199. அவனாக நடித்தவர் இந்தியரான அனுபம் திரிபாதி. அலி, தனக்கு உதவிய சங்-வூவை "முதலாளி" என்று பணிவோடு அழைக்கின்றான். சங்-வூ அதை மறுத்து, "அண்ணா" என்று அழைக்கச் சொல்லுகின்றான். முறைப்பெயரால் உறவு பிறக்கும் அந்த இடம் தமிழ்ப் பிள்ளைக்கு உரையின்றியே விளங்கும். அந்த அண்ணனே பின்னர் போளை விளையாட்டிலே, அலியின் பையில் போளைகளுக்குப் பதிலாகக் கற்களை இட்டு அவனைச் சாவுக்கு அனுப்புகின்றான். என் மாணவர் பலர் 199ஐத் தம் எண்ணாகக் கொண்டதன் காரணம் இதுவே. அவர்கள் எண்ணைச் சொன்னாலும் உள்ளத்திற் கொண்டது அலியை.

தலவாக்கலை என்ற ஊர்ப்பெயரோ என்னை இன்னும் பின்னே இழுத்துச் சென்றது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழகத்திலிருந்து தேயிலைத் தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்ட தொழிலாளர் கழுத்திலே தகரவில்லை ஒன்று தொங்கிற்று. அதிற் பொறிக்கப்பட்டவை தோட்டத்தின் எண்ணும் தொழிலாளியின் எண்ணும். வழிச்செலவு தோட்டத்தின் கணக்கில் எழுதப்பட்டு, தொழிலாளியின் தலையிலே கடனாக ஏறிற்று. அவன் வேறு தோட்டத்துக்குப் போக வேண்டுமாயின், பட்ட கடன் எவ்வளவு என்று எழுதிய "துண்டு" வேண்டும். அக்கடனை யாரேனும் தீர்க்கவும் வேண்டும். 1921ஆம் ஆண்டுச் சட்டமே துண்டு முறையை ஒழித்தது. எண்ணும் கடனும் ஒரு மனிதன் கழுத்தில் ஒருசேரத் தொங்கும் கதையைக் கொரியாவிலிருந்து இரவல் பெறவேண்டிய நிலையில் நாம் இல்லை.

நமது அயலிலேயே அண்மைக்காலச் சான்றும் உண்டு. 2007 யூன் 7ஆம் நாள், வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை முதலிய இடங்களின் விடுதிகளில் தங்கியிருந்த 376 தமிழர் கொழும்பிலிருந்து பேருந்துகளில் ஏற்றி அனுப்பப்பட்டனர். உயர் நீதிமன்றம் மறுநாளே இடைக்காலத் தடை விதித்தது. செய்தித்தாள்களில் நிலைத்தது 376 என்னும் எண். மருத்துவத்துக்கு வந்தவர் யார், கடவுச்சீட்டுக்காகக் காத்திருந்தவர் யார் என்பது அவ்வெண்ணுள் மறைந்துபோயிற்று.

இவ்விளையாட்டுக்களைத் தடைசெய்துவிடலாமே என்று பெற்றோர் சிலர் என்னிடம் கூறுவதுண்டு. அவர்கள் அச்சம் வீணானதன்று. 2021 ஒக்டோபரிலே பெல்ஜியத்துப் பள்ளியொன்று, மாணவர் இந்நாடகத்தைப் பின்பற்றித் தோற்றவரை அடிக்கின்றனர் என்று பெற்றோரை எச்சரித்தது. நாடகமும் சிறுவருக்கு உரியதன்று. அதனைச் சிறுவர் காணாது தடுப்பது வீட்டாரின் கடமை. பணம் கொடுத்து முகமூடி வாங்குவதைத் தடுப்பதும் அவர்களது கடமையே. ஆனால் ஒரு பிள்ளை எண்ணுக்குப் பெயர் வைக்கும்போது, அதனைத் தடுக்கும் ஆசிரியன் தன் பாடத்தையே தடுக்கின்றவனாவான். எழுத்தாளன் செய்வதும் அதுதானே?

ஆதலின் நான் கட்டுரை வகுப்பிலே ஒரு மாற்றம் செய்தேன். மழைநாள், நூலகம் என்னும் வழக்கமான தலைப்புக்களுக்குப் பதிலாக ஒவ்வொருவருக்கும் ஓர் எண்ணைக் கொடுத்து, அவ்வெண்ணுக்குரிய மனிதரை எழுதப் பணித்தேன். துவக்கை விரும்பிய மாணவன் காவலனையே எழுத விரும்பினான். எழுது, ஆனால் அவனுக்கும் ஓர் ஊரும் ஒரு தாயும் வேண்டும் என்றேன். 2024இல் வெளிவந்த இரண்டாம் பாகத்திலே நாடகமும் இவ்வாறே செய்தது. வடகொரியாவில் விட்டுவந்த மகளைத் தேடும் நோ-உல் என்னும் பெண்ணைக் காவலர் உடைக்குள்ளே வைத்தது. என் மாணவனின் காவலன் வீட்டுக்குப் பணம் அனுப்பும் நாளை விரலில் எண்ணுபவன். மூன்றாம் பந்தியிலே அவன் துவக்கைப் பிடித்திருக்கும் கை நடுங்குகின்றது. அதற்குமேல் எழுதத் தெரியவில்லை என்று கூறி, மாணவன் தாளைத் தந்தான். அவ்வகுப்பிலே நான் பெற்ற தாள்களுள் மிகவும் நேர்மையானது அதுவே.

2022 ஏப்ரிலில் வெளிநாட்டுக் கடன்களைத் திருப்பிச் செலுத்த இயலாதென இந்நாடு அறிவித்தது. எரிபொருளுக்கு வரிசையில் நின்றவரும், தொழில் தேடிக் கடல் கடந்தவரும் எண்ணிக்கைகளாகவே பேசப்பட்டனர். அவ்வீடுகளின் பிள்ளைகளே நம் வகுப்புக்களில் அமர்ந்திருக்கின்றனர். எண்களைக் கூட்டவும் கழிக்கவும் கற்பிக்கக் கணித ஆசிரியர் இருக்கின்றனர். ஓர் எண்ணைக் கண்டதும் "இவர் யார், எந்த ஊர், வீட்டிலே யார் காத்திருக்கின்றனர்?" என்று வினவப் பழக்குவது தமிழ் ஆசிரியரின் பணி. அப்பழக்கம் விளையாட்டினூடே வருமாயினும் வரட்டும்; அதை வகுப்பறைக்குள் வரவேற்போம்.