பாதை இல்லாத இடத்தில் பைக் விபத்து: ஆஸ்பத்திரிக் குறியீடு சொல்வது என்ன?

விடுமுறை வந்தால் நம் வீட்டுப் பிள்ளைகள் பலர் மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். தில்லியில் இருப்பவர்கள் மணாலி, லே பக்கம் போகிறார்கள். பெங்களூரில் இருப்பவர்கள் மலையடிவாரத்து மண் தடங்களைத் தேடுகிறார்கள். தார்ச்சாலை முடியும் இடத்தில்தான் அவர்களுக்கு உற்சாகமே தொடங்குகிறது. அங்கே சறுக்கி விழுந்து எலும்பை முறித்துக்கொண்டால், பதறி ஓடும் பெற்றோர் அறிந்திருக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. அதுதான் மருத்துவக் குறியீடு. மெடிக்கல் கோடிங் என்பார்கள்.

நோய்களுக்கும் காயங்களுக்கும் உலக சுகாதார நிறுவனம் ஓர் எழுத்தும் சில எண்களும் கொண்ட குறியீடுகளை வகுத்திருக்கிறது. இதன் 10-ஆவது பதிப்பு 1990-இல் ஏற்கப்பட்டது. 11-ஆவது பதிப்பு 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்துவிட்டாலும், நம் நாட்டு மருத்துவ இன்ஷூரன்ஸ் படிவத்தில் ஆஸ்பத்திரி நிரப்பும் பகுதி 10-ஆவது பதிப்பின் குறியீட்டையே கேட்கிறது.

விபத்துக்குக் குறியீடு இரண்டு வகை. முதலாவது காயத்தைச் சொல்வது. முழங்காலுக்குக் கீழுள்ள பெரிய எலும்பின் நடுத்தண்டு முறிந்தால் எஸ்82.2, தலையில் அடிபட்டு மூளை அதிர்ந்தால் எஸ்06.0. இரண்டாவது, காயம் எப்படி ஏற்பட்டது என்பதைச் சொல்வது. மோட்டார் சைக்கிளில் சென்றவருக்கு வி20 முதல் வி29 வரை. மரத்திலோ பாறையிலோ மோதினால் வி27; எதிலும் மோதாமல் வண்டி சரிந்து விழுந்தால் வி28. புள்ளிக்குப் பின் வரும் எண்ணில்தான் சூட்சுமம் இருக்கிறது. பொதுச்சாலை அல்லாத இடத்தில் ஓட்டியவர் விழுந்தால் வி28.0, பின்னால் அமர்ந்தவர் என்றால் வி28.1. அதே விபத்து பொதுச்சாலையில் நடந்தால் வி28.4, வி28.5.

இடத்தைப் பற்றி எதுவும் எழுதப்படவில்லை என்றால் என்ன ஆகும்? விபத்து பொதுச்சாலையில் நடந்ததாகவே கொள்ள வேண்டும் என்பது விதி. கரடுமுரடான நிலத்துக்கென்றே செய்யப்பட்ட வண்டிகளுக்கு மட்டும் இந்த விதி தலைகீழ். அவற்றுக்கு வி86 என்று தனி எண். வேறு விதமாக எழுதினாலொழிய, விபத்து சாலைக்கு வெளியே நடந்ததாகவே எண்ணப்படும். இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். சாலையில் சறுக்கிய வண்டி பள்ளத்தில் போய் விழுந்தாலும் அது சாலை விபத்துதான். தொடங்கிய இடமும் கணக்கில் வரும்.

குறியீடு எழுதுபவர் பெரும்பாலும் நோயாளியைப் பார்ப்பதில்லை. டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்துத்தான் எண் போடுகிறார். இங்கேதான் வெளிமாநிலத்தில் வாழும் நமக்கு ஒரு சிக்கல். அவசரத்தில், தெரிந்த அரைகுறை இந்தியில் "பையன் கீழே விழுந்துவிட்டான்" என்று மட்டும் சொன்னால், "கீழே விழுந்தார்" என்றே குறிப்பு எழுதப்படலாம். அதற்குரிய எண் டபிள்யூ19. வண்டி என்ற பேச்சே அதில் இல்லை. "ஆர்.டி.ஏ." என்ற மூன்றெழுத்து மட்டும் எழுதப்பட்டால் வி89.2, அதாவது ஏதோ ஒரு மோட்டார் வாகனச் சாலை விபத்து. இரண்டுமே நடந்ததை முழுதாகச் சொல்லவில்லை.

இதனால் என்ன நஷ்டம் என்று கேட்கலாம். இன்ஷூரன்ஸ் படிவம், காயம் சாலை விபத்தால் வந்ததா, போலீசுக்குத் தெரிவிக்கப்பட்டதா, இல்லையென்றால் ஏன் என்றெல்லாம் கேட்கிறது. ஆஸ்பத்திரிக் குறிப்பு ஒன்றும் நாம் எழுதியது வேறொன்றுமாக இருந்தால் கேள்விகள் எழும், பணம் தாமதமாகும். மேலும், 2025 மே மாதம் அறிவிக்கப்பட்ட மத்திய அரசின் திட்டத்தில் 7 நாட்கள் வரை 1.5 லட்சம் ரூபாய்க்கு ரொக்கமில்லாச் சிகிச்சை கிடைப்பது சாலையில் நடந்த மோட்டார் வாகன விபத்துக்கு. அதற்காக ஆற்றுமணலில் நடந்ததைச் சாலையில் நடந்ததாக மாற்றிச் சொல்லிவிடாதீர்கள். போலீஸ் குறிப்பு வேறு விதமாக இருந்தால் உள்ளதும் போய்விடும்.

சாலைக்கு வெளியே விழுந்தால் இன்ஷூரன்ஸே கிடையாது என்று அஞ்சவும் வேண்டாம். ஒழுங்குமுறை ஆணையம் 2019-இல் வகுத்த பொது வாசகத்தின்படி, மோட்டார் பந்தயம் போன்ற சாகச விளையாட்டுகளில் தொழில்முறையாகப் பங்கேற்றவரின் சிகிச்சைதான் விலக்கப்படுகிறது. பொழுதுபோக்காகப் போன பிள்ளையை அந்த வாசகம் தொடுவதில்லை. எனினும் உங்கள் பாலிசியின் விதிகளை ஒருமுறை படித்துவைப்பது நல்லது.

ஆகவே, டாக்டரிடம் நான்கு செய்திகளைத் தவறாமல் சொல்லுங்கள். என்ன வண்டி? ஓட்டியவரா, பின்னால் அமர்ந்தவரா? எதில் மோதியது, அல்லது எப்படிச் சரிந்தது? இடம் பொதுச்சாலையா, மண் தடமா, ஆற்றுப்படுகையா? மொழி தடுமாறினால் ஒரு தாளில் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுங்கள். பக்கத்து வீட்டுக்காரரின் உதவியைக் கேட்பதிலும் கூச்சம் வேண்டாம். வீடு திரும்புமுன் டிஸ்சார்ஜ் சம்மரியை வாங்கி, இந்த நான்கும் சரியாக இருக்கின்றனவா என்று பாருங்கள். தவறு இருந்தால் டாக்டரிடம் காட்டி அங்கேயே திருத்தி வாங்குவது, பிறகு பல நூறு மைல் கடந்து அலைவதைவிட எளிது.

பிள்ளைகள் பத்திரமாகப் போய்வரட்டும். கிளம்பும்போது தலைக்கவசத்தோடு பாலிசியின் நகலையும் பையில் வைத்து அனுப்புங்கள்.