3 காலில் ஓடும் நாய்க்குட்டி: 4 நிமிட அனிமேஷன் படத்தில் அப்படி என்ன இருக்கு?

வண்டியில் அடிபட்டு கால் போன நாய்க்குட்டியைப் பார்த்தால், "ஐயோ பாவம், இனி பிழைக்காது" என்பதுதான் பலரும் சொல்வது. அது உண்மையா? 'தி பிரசென்ட்' என்ற அனிமேஷன் குறும்படம் பேசுவது இதைத்தான்.

என்ன கதை?

இருட்டு அறையில் வீடியோ கேமில் மூழ்கியிருக்கிறான் ஒரு சிறுவன். அம்மா ஒரு அட்டைப்பெட்டியைக் கொடுக்கிறார். உள்ளே நாய்க்குட்டி! ஆனால் முன்னங்கால் ஒன்று இல்லை. முகம் சுளித்துத் தள்ளிவிடுகிறான். குட்டிக்கு அதெல்லாம் கவலையே இல்லை. சிவப்புப் பந்தைத் துரத்துது, விழுது, எழுந்து மறுபடி ஓடுது. கடைசியில் சிறுவன் எழும்போதுதான் நமக்குத் தெரிகிறது, அவனுக்கும் ஒரு கால் இல்லை. ஊன்றுகோலோடு குட்டியை அழைத்துக்கொண்டு வெளியே விளையாடப் போகிறான்.

எடுத்தது யார்?

ஜெர்மனியில் திரைப்படக் கல்லூரி மாணவராக இருந்த ஜேக்கப் ஃப்ரை, 2014-ல் இயக்கிய படம் இது. பிரேசில் ஓவியர் ஃபாபியோ கோலாவின் காமிக்ஸ்தான் மூலக்கதை. 50-க்கும் மேற்பட்ட விருதுகளை வென்றது.

நிஜத்தில் இது நடக்குமா?

நடக்கும். நாயின் உடல் எடையில் சுமார் 60% முன்னங்கால்களில்தான் விழுகிறது. அதனால் முன்னங்கால் போனால் சிரமம் அதிகம். ஆனாலும் சிகிச்சை கிடைத்தால், பெரும்பாலான நாய்கள் சில வாரங்களில் 3 காலில் நடக்கப் பழகிவிடும். அதன் பிறகு எடை கூடாமல் பார்த்துக்கணும், வழுக்கும் தரையைத் தவிர்க்கணும்.

தருமபுரியில் அடிபட்ட குட்டியைப் பார்த்தால்?

சேலம் - பெங்களூரு தேசிய நெடுஞ்சாலை தருமபுரி மாவட்டம் வழியாகத்தான் போகிறது. தொப்பூர் கணவாய் விபத்துகளுக்குப் பெயர்போன இடம். இங்கே குட்டியைக் காப்பாற்ற நடுரோட்டில் பிரேக் போடக் கூடாது. வண்டியை ஓரங்கட்டிவிட்டு இறங்குங்கள்.

வலியில் இருக்கும் குட்டி கடிக்கும். வெறும் கையால் தூக்காமல், கெட்டித் துணியால் சுற்றி அட்டைப்பெட்டியில் வையுங்கள். கால்நடை ஆம்புலன்ஸ் உதவி எண் 1962-க்கு அழையுங்கள், அல்லது அருகில் உள்ள கால்நடை மருத்துவமனைக்குக் கொண்டு போங்கள்.

கடித்தாலோ கீறினாலோ, "குட்டிதானே" என்று விட்டுடாதீங்க. குட்டிக்கும் ரேபிஸ் இருக்கலாம். ஓடும் தண்ணீரில் சோப்பு போட்டு 15 நிமிடம் கழுவிவிட்டு, அன்றே அரசு மருத்துவமனைக்குப் போய்விடுங்கள். அங்கே தடுப்பூசி இலவசம். முதல் ஊசியோடு நிறுத்தாமல் எல்லாத் தவணையும் போட்டுக்கொள்வது அவசியம். ரேபிஸ் அறிகுறி வந்த பிறகு காப்பாற்றுவது கிட்டத்தட்ட முடியாத காரியம்.