தேரும் முட்டுக்கட்டையும்

தில்லை என்னும் பழம்பெயர் கொண்ட சிதம்பரத்தில், ஆண்டுதோறும் ஆனித் திங்களிலும் மார்கழித் திங்களிலும் தேர்த் திருவிழா நடைபெறும். கோயிலைச் சூழ்ந்துள்ள கீழவீதி, தெற்கு வீதி, மேலவீதி, வடக்கு வீதி ஆகிய நான்கு வீதிகளிலும் ஐந்து தேர்கள் ஒன்றன்பின் ஒன்றாக உலா வரும். கருவறையில் வழிபடப்பெறும் கூத்தப்பெருமானே தேரேறி வீதிக்கு வருதல் அவ்வூரின் தனிச் சிறப்பு. அக்காட்சியைக் காணப் பல ஊர்களினின்றும் மக்கள் வெள்ளம்போல் திரள்வர்.

திரண்ட மக்கள் அனைவரும் தேரின் உச்சியையும் அலங்காரத்தையும் கண்டு மகிழ்வர். வடம் பிடிப்போரின் ஆரவாரத்தைக் கேட்டு உவப்பர். ஆயினும், சக்கரத்தின் அருகே குனிந்து நிற்கும் சிலரை எவரும் நோக்குவதில்லை. அவர்கள் கையில் புளி முதலிய வன்மரத்தாற் செய்த கட்டைகள் இருக்கும். தேர் விரைந்தால் அக்கட்டையைச் சக்கரத்தின் முன் இடுவர், தேர் நிற்கும். வீதி முனையில் தேர் திரும்பவேண்டின், அதனை ஒரு பக்கத்துச் சக்கரத்திற்கு இடுவர், தேர் திரும்பும். இதுவே முட்டுக்கட்டை எனப்படுவது.

நம் பேச்சு வழக்கில் இச்சொல்லுக்கு நற்பெயர் இல்லை. நற்செயலைத் தடுப்பவனை நோக்கி, “முட்டுக்கட்டை போடாதே” என்று கடிந்து கூறுகின்றோம். சற்று எண்ணிப் பாருங்கள். வடம் மட்டுமே உள்ள தேர் நிலைக்கு வந்து சேருமோ? இழுக்கும் ஆற்றல் எத்துணை இன்றியமையாததோ, நிறுத்தும் ஆற்றலும் அத்துணை இன்றியமையாததன்றோ? ஏறத்தாழ 96 அடி உயரமுள்ள திருவாரூர் ஆழித்தேருக்குத் திருச்சிராப்பள்ளிப் பெல் நிறுவனத்தார் இரும்புச் சக்கரங்களும் நீரழுத்தத் தடைகளும் அமைத்துத் தந்துள்ளனர். அத்தகைய தேருக்கும் முட்டுக்கட்டையிடுவோர் வேண்டப்படுகின்றனர்.

தேருக்குரிய இவ்வுண்மை, மக்கள் கூடும் எல்லா விழாக்களுக்கும் உரியது. பள்ளி ஆண்டு விழா, பல்கலைக்கழகப் பட்டமளிப்பு விழா, தொழில் நிறுவனங்கள் நடத்தும் மாநாடு, கண்காட்சி ஆகிய யாவும் தேரோட்டம் போன்றவையே. வரக்கூடிய தீங்குகளை முன்னரே எண்ணி அவற்றுக்கு மாற்று வகுத்து வைப்பதை, இக்காலத்து நிறுவனத்தார் இடர் மேலாண்மை என்று வழங்குகின்றனர். பெயர் புதிது, பொருள் பழையது. வள்ளுவர் தம் நூலின் பொருட்பாலில், தெரிந்து செயல்வகை, வலியறிதல், காலமறிதல், இடனறிதல் என நான்கு அதிகாரங்களை அடுத்தடுத்து வைத்துள்ளார். அந்நான்கினையும் விழாவுக்குப் பொருத்திக் காண்போம்.

முதலாவது, செயலைத் தெரிதல். விழாவில் நேரக்கூடிய தீங்குகளையெல்லாம் ஒரு தாளில் எழுதுதல் வேண்டும். பின்னர் ஒவ்வொன்றைக் குறித்தும் இரு வினாக்கள் எழுப்புதல் வேண்டும். அது நேர்வதற்கு வாய்ப்பு எவ்வளவு? நேர்ந்தால் கேடு எவ்வளவு? ஒலிபெருக்கி பழுதாதல் அடிக்கடி நேரும். அதனால் உயிர்க்கேடு இல்லை. தீப்பிடித்தல் அரிதாகவே நேரும். நேர்ந்தாலோ மீட்க இயலாத இழப்பாகும். 2004-ஆம் ஆண்டு ஜனவரி 23-ஆம் நாள் திருவரங்கத்துத் திருமண மண்டபம் ஒன்றில், மாடியில் இட்டிருந்த கீற்றுப் பந்தல் தீப்பற்றியது. 50-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். ஆதலின், அரிதாக நேர்வது என்னும் காரணம் பற்றி உயிர்க்கேடு தருவதனைத் தள்ளிவிடுதல் கூடாது.

இரண்டாவது, வலியறிதல். ஈண்டு வலியென்பது, இடமும் வழியும் காவலரும் எத்தனை மக்களைத் தாங்கும் என்னும் அளவு. 1992-ஆம் ஆண்டு பிப்ரவரி 18-ஆம் நாள் கும்பகோணத்து மகாமகத்தின்போது, குளத்தைச் சூழ்ந்து நெருக்கம் மிகுந்து ஏறத்தாழ 50 பேர் உயிர் நீத்தனர். 2016-ஆம் ஆண்டு மகாமகத்திலோ, ஒரே நாளில் அனைவரும் கூடாமல், விழாவின் பத்து நாள்களிலும் பிரிந்து வந்து நீராடுமாறு மக்கள் வேண்டிக்கொள்ளப்பட்டனர். அவ்வாறே நாள்தோறும் மக்கள் வந்து நீராடிச் சென்றனர். முன்னைய துயரம் மீண்டும் நிகழவில்லை. குளம் அதுவே, கூட்டத்தைப் பகுத்த முறையே வேறு.

மூன்றாவது, காலமறிதல். கடலூர்க் கடற்கரைக்கு ஐப்பசியும் கார்த்திகையும் மழைக்காலம். மார்கழி பிறந்ததும் அச்சம் தீர்ந்தது என்று எண்ணுவார் உளர். 2011-ஆம் ஆண்டு டிசம்பர் 30-ஆம் நாள் காலையில், அதாவது மார்கழித் திங்களில், தானே என்னும் புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரை கடந்தது. பண்ணுருட்டிப் பகுதியின் பலாவும் முந்திரியும் வேரோடு சாய்ந்தன. 2020-ஆம் ஆண்டு டிசம்பரில் புரெவிப் புயல் தந்த பெருமழையால், தில்லைக் கோயிலுக்குள்ளேயே நீர் தேங்கி நின்றது. அவையேனும் அறிவித்து வந்தவை. 2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் நாள் எழுந்த ஆழிப்பேரலை அறிவிப்பின்றியே வந்தது; கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600-க்கு மேற்பட்டோரைக் கொண்டு சென்றது. அதன் பின்னரே, 2007-ஆம் ஆண்டில் ஐதராபாத்தில் ஆழிப்பேரலை முன்னெச்சரிக்கை நிலையம் அமைந்தது. இன்று அறிவிப்பு வரும். அதனைக் கேட்கும் செவியும், கேட்டபின் செயற்படும் துணிவும் நம்மிடம் இருத்தல் வேண்டும்.

நான்காவது, இடனறிதல். 2022-ஆம் ஆண்டு ஏப்ரல் 27-ஆம் நாள், தஞ்சாவூரை அடுத்த களிமேட்டில், திருவிழாத் தேர் உயரழுத்த மின்கம்பியில் உரசியமையால் 11 பேர் மாண்டனர். செருமனி நாட்டு டூயிசுபர்க்கு நகரில் 2010-ஆம் ஆண்டு நடைபெற்ற இசைவிழாவில், சுரங்கப் பாதைகளின் வழியாக உள்ளே வருவோரும் வெளியே செல்வோரும் ஒரே சாய்தளத்தில் எதிர்ப்பட்டு நெருங்கினமையால் 21 பேர் உயிரிழந்தனர். ஆதலின், விழா நடக்கும் இடத்தை முன்னாளிலேயே நடந்து காணுதல் வேண்டும். மேலே கம்பி உளதா? வருவதற்கும் செல்வதற்கும் தனித்தனி வழிகள் உளவா? மருத்துவ ஊர்தி வந்து திரும்ப இடம் உளதா? இவற்றைக் கண்ணால் கண்டறிதலே முறை.

இந்நான்கும் அறிந்தபின் மாற்றுத் திட்டம் வகுத்தல் வேண்டும். திறந்தவெளி ஆகாவிடின் எந்த மண்டபம்? அந்நாள் ஆகாவிடின் எந்நாள்? பொறுப்பாளர் வர இயலாவிடின் அவரிடத்தில் யார்? இவற்றுக்கு முன்னரே விடை எழுதி வைத்தல் வேண்டும். பெருநிறுவனத்தார் பொருளிழப்பை ஈடு செய்யக் காப்பீடும் செய்துகொள்வர். உயிருக்கு ஈடு செய்யும் காப்பீடு யாண்டும் இல்லை. நம் நாட்டில் 2005-ஆம் ஆண்டில் பேரிடர் மேலாண்மைச் சட்டம் இயற்றப்பட்டது. தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையம் 2014-ஆம் ஆண்டில் பெருங்கூட்டங்களை நெறிப்படுத்தும் வழிகாட்டி நூலொன்றை வெளியிட்டது. எல்லாவற்றினும் தலையாயது ஒன்று உண்டு. “நிறுத்துக” என்று சொல்லும் உரிமையை ஒருவரிடம் ஒப்படைத்து, அவர் சொல்லுக்கு அனைவரும் கட்டுப்படுதலே அது.

இதனை யான் நூலிற் கற்கவில்லை, பட்டு அறிந்தேன். முப்பது ஆண்டுகளுக்கு முன்பு கடலூரில் தமிழ் மன்றம் ஒன்றின் ஆண்டு விழா ஐப்பசித் திங்களில் நடைபெற்றது. பந்தற் பொறுப்பு என்னுடையது. நண்பகலில் பந்தற்காரர் என்னிடம் வந்து, “ஐயா, காற்று மாறி அடிக்கின்றது. கூட்டத்தைக் கட்டடத்துக்குள் மாற்றிக்கொள்ளலாம்” என்றார். அழைப்பிதழ் அச்சிட்டாயிற்று, அறிஞர் வந்துவிட்டார், இந்நிலையில் இவர் இவ்வாறு கூறுகின்றாரே என்று எனக்குச் சினம் மூண்டது. “பெரியவரே, முட்டுக்கட்டை போடாதீர்” என்றேன். அவர் பேசாமல் சென்றார். மாலையில் சூறைக்காற்று எழுந்தது. ஒருபுறத்துக் கால்கள் பெயர்ந்து பந்தல் சரிந்தது. பாட்டு ஒப்பிக்க வந்திருந்த மாணவன் ஒருவனின் வலக்கை முறிந்தது. முதலில் ஓடிவந்து கழியைத் தூக்கி அவனை மீட்டவர் அப்பந்தற்காரரே. அவர் என்னை ஒரு சொல்லும் சொல்லவில்லை. அம்மாணவன் இன்று நடுவயதினன். அவன் முழங்கை இன்றும் முழுதும் நிமிர்வதில்லை. அவனைக் காணுந்தோறும் என் தலை கவிழ்கின்றது.

மாணவர்களே, நாளை நீங்களும் விழாக்கள் எடுப்பீர்கள். அப்பொழுது, “மழை வந்தால் என்ன செய்வது? கூட்டம் மிகுந்தால் எவ்வழியே அனுப்புவது?” என்று வினவும் ஒருவன் உங்களிடையே இருப்பான். அவனை அச்சமுடையான் என்று நகையாதீர். தடுப்பவன் என்று வெறுக்காதீர். அவன் சக்கரத்தின் அருகே குனிந்து நிற்பவன். வடம் பிடிப்போர் ஊக்கத்தோடு இழுக்கட்டும். கட்டையிடுவோர் விழிப்போடு நிற்கட்டும். இருவரும் இணைந்தவழியே தேர் நிலைக்கு வந்து சேரும்.