ஈரலே இல்லாத ஈரல்... யூதப் பண்டிகை விருந்தில் வெங்காயம் செய்யும் வேலை!

தன்னை யாரும் கண்டுகொள்ளவில்லை என்று கோபம் வந்தால் அமெரிக்கர்கள் கேட்கும் ஒரு கேள்வி உண்டு. "நான் என்ன... சாப்டு லிவரா?"

சாப்டு லிவர் என்றால் கொத்திய ஈரல். கிழக்கு ஐரோப்பாவிலிருந்து அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்த யூதர்களின் பண்டிகை விருந்தில் முதலில் வந்து உட்காரும் பதார்த்தம் இது. பின்னாலேயே சூப், இறைச்சி என்று பெரிய அயிட்டங்கள் வரிசைகட்டுவதால், ஓரத்தில் இருக்கும் இதைப் பற்றி யாரும் பெரிதாகப் பேச மாட்டார்கள். அந்தக் கேள்வி பிறந்தது இதனால்தான் என்று சொல்கிறார்கள்.

அது சரி, அந்த மேஜையில் நிஜமாகவே ஓரங்கட்டப்படுவது யார் தெரியுமா? இறைச்சியை விட்டுவிட்ட பேரனோ, புதிதாக வந்த மருமகளோதான். எல்லோரும் ரொட்டியில் ஈரலைத் தடவிச் சாப்பிட, அவர்கள் வெறும் ரொட்டியைக் கடிக்க வேண்டும். பண்டிகை நாளில் இது சின்ன வருத்தமில்லை. இன்று பல வீடுகளில் அந்தத் தட்டை நிரப்புவது 'சைவ ஈரல்'. வெங்காயம், பருப்பு, வால்நட், அவித்த முட்டை... இவ்வளவுதான் சரக்கு.

முட்டையா என்று கேட்பீர்கள். அங்கே முட்டை சைவக் கணக்கில் வரும். நம் வீட்டுக் கணக்குப்படி இதைச் சுத்த சைவம் என்று சொல்ல முடியாது. முட்டை இல்லாமலும் செய்யலாம், அதைக் கடைசியில் பார்ப்போம்.

பாலுக்கும் இறைச்சிக்கும் ஆகாது

இந்தப் போலி ஈரல் சைவக்காரர்களுக்காக மட்டும் வந்ததில்லை. யூதர்களின் 'கோஷர்' உணவு விதிப்படி பாலையும் இறைச்சியையும் ஒரே வேளையில் சாப்பிடக் கூடாது. இறைச்சி சாப்பிட்டால், பால் பொருளைத் தொட 6 மணி நேரம் காத்திருப்பவர்கள் நிறைய பேர். விருந்தின் தொடக்கத்தில் ஈரல் வந்துவிட்டால், முடிவில் சீஸ் கேக்கும் கிடையாது, பால் ஊற்றிய காபியும் கிடையாது.

ஈரலில் வேலையும் அதிகம். ரத்தம் உண்பது அவர்களுக்கு விலக்கு. மற்ற இறைச்சியை ஊறவைத்து, உப்பிட்டு ரத்தத்தை நீக்கிவிடலாம். ஈரலில் ரத்தம் மிகுதி என்பதால் நேரடி நெருப்பில் வாட்டியே ஆக வேண்டும். பிறகுதான் வெங்காயம், முட்டை, 'ஷ்மால்ட்ஸ்' எனப்படும் உருக்கிய கோழிக் கொழுப்போடு சேர்த்துக் கொத்துவார்கள்.

முட்டை, காய்கறி, பருப்பு எல்லாம் 'பரேவ்'. அதாவது பால் பக்கமும் இல்லை, இறைச்சிப் பக்கமும் இல்லை, எதனோடும் சேரும். அதனால் நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடு பகுதியில் இறைச்சியே சமைக்காத யூத 'டெய்ரி' உணவகங்கள் பெருகிய காலத்தில், சைவ ஈரலுக்கு அங்கே நிரந்தர இடம் கிடைத்தது.

ஐரோப்பாவிலும் யூதர்களிடையே சைவம் புதிதல்ல. அன்று போலந்தில் இருந்த வில்னா நகரில் (இன்றைய லிதுவேனியாவின் தலைநகர் வில்னியஸ்) ஃபானியா லெவாண்டோ என்ற பெண் சைவ உணவகம் நடத்தினார். ஓவியர் மார்க் ஷகாலும் அங்கே சாப்பிட்டவர். 1938-ல் சுமார் 400 சமையல் குறிப்புகளோடு இத்திஷ் மொழியில் சைவ சமையல் புத்தகம் வெளியிட்டார் லெவாண்டோ. இரண்டாம் உலகப்போரில் அவரும் போனார், உணவகமும் போனது. புத்தகம் தப்பித்து, 2015-ல் ஆங்கிலத்தில் வந்தது.

இஸ்ரேலில் கதை வேறு. நாடு உருவான கையோடு, 1949-ல் ரேஷன் வந்தது. இறைச்சி அபூர்வம், கத்தரிக்காய் தாராளம். கத்தரிக்காயைப் பொரித்து, வதக்கிய வெங்காயம், முட்டையோடு சேர்த்துக் கொத்தி அதையே ஈரல் என்று பரிமாறினார்கள். ரேஷன் போய் வெகுகாலமாகியும் கத்தரிக்காய் ஈரல் போகவில்லை.

பண்டிகைக்குப் பண்டிகை மாறும்

ஒரே செய்முறையை வைத்துக்கொண்டு எல்லாப் பண்டிகையையும் ஓட்டிவிட முடியாது. செப்டம்பர் - அக்டோபரில் வரும் புத்தாண்டான ரோஷ் ஹஷானாவில் சில குடும்பங்கள் வால்நட் போன்ற கொட்டைகளைத் தொடுவதில்லை. ஹீப்ரூ எழுத்துகளுக்கு எண் மதிப்பு உண்டு. 'கொட்டை' என்ற சொல்லின் கூட்டுத்தொகையும் 'பாவம்' என்ற சொல்லின் கூட்டுத்தொகையும் ஒத்துப்போகிறது என்று ஒரு பழைய கணக்கு. வருடத்தின் முதல் நாள் விருந்தில் பாவம் எதற்கு? பருப்பும் காளானும் போட்டு முடித்துவிடுவார்கள்.

மார்ச் - ஏப்ரலில் பாஸ்கா. அப்போது வால்நட் கூடும், பருப்பு கூடாது. கிழக்கு ஐரோப்பிய யூத மரபில் பருப்பு, பட்டாணி, பீன்ஸ் வகைகளுக்கு அந்த வாரம் முழுக்கத் தடை. யூத மதத்தின் கன்சர்வேட்டிவ் பிரிவு 2015-ல் இந்தத் தடையைத் தளர்த்தினாலும், பாட்டி காலத்து வழக்கத்தை விடாத வீடுகள் ஏராளம். அங்கே காளான் - வால்நட் கூட்டணிதான். மே - ஜூனில் வரும் ஷாவூட் பால் பொருள்களுக்கான பண்டிகை. இறைச்சிக்கு வேலை குறைவு என்பதால் சைவ ஈரலுக்கு ராஜ மரியாதை!

இத்தனை மாற்றத்திலும் மாறாதது வெங்காயம். ஈரலின் ருசியில் இனிப்பும் லேசான கசப்பும் கலந்திருக்கும். நன்றாகச் சிவந்த வெங்காயத்திலும் அதே இரண்டும் உண்டு.

செய்து பார்க்கலாமா?

பெரிய வெங்காயம் அரை கிலோவை மெல்லியதாக நறுக்கி, 5 டேபிள்ஸ்பூன் எண்ணெயில் போட்டு, சிட்டிகை உப்பு சேர்த்துக் குறைந்த தீயில் வதக்குங்கள். அவசரப்பட்டால் காரியம் கெட்டுவிடும். கண்ணாடி போல ஆனதும் நிறுத்திவிட்டால் கிடைப்பது பருப்பு மசியல்தான். 35, 40 நிமிடம் ஆகட்டும். அல்வா நிறம் வர வேண்டும். ஓரங்கள் சற்றுக் கருகினாலும் தப்பில்லை, முழுக்கக் கருகக் கூடாது. எண்ணெயை வடிக்காதீர்கள். கோழிக் கொழுப்பின் இடத்தில் நிற்பது அதுதான்.

தோல் நீக்காத முழு மசூர் பருப்பு அரை கப்பைக் குழையாமல் வேகவைத்துத் தண்ணீரை வடித்துவிடுங்கள். தோல் நீக்கிய சிவப்பு மசூர் கஞ்சியாகிவிடும், வேண்டாம். வால்நட் அரை கப்பை வெறும் சட்டியில் வறுத்துக்கொள்ளுங்கள். அதன் தோலில் இருக்கும் கசப்பு இங்கே தேவை. இவற்றோடு அவித்த முட்டை 3, உப்பு, தாராளமாக மிளகுத்தூள் சேர்த்து மிக்ஸியில் விட்டு விட்டுச் சுற்றுங்கள். சட்னி பதம் வந்தால் போச்சு. கொத்துக்கறி மாதிரி கரகரப்பாக நிற்க வேண்டும். அரிவாள்மனையோ கத்தியோ எடுத்துக் கொத்துபவர்களுக்கு இன்னும் நன்றாக வரும்.

முட்டை வேண்டாம் என்பவர்கள் வால்நட்டை ஒரு கப்பாக்கி, ஈரம் போக வதக்கிய பட்டன் காளான் 100 கிராம் சேர்க்கலாம்.

சூட்டோடு ருசி பார்த்து ஏமாந்துவிட வேண்டாம். ஃபிரிட்ஜில் ஓர் இரவு இருந்தால்தான் எல்லாம் ஒன்றாகச் சேரும். மறுநாள் குளிர்ச்சி சற்றுத் தணிந்ததும் ரொட்டியிலோ உப்பு பிஸ்கட்டிலோ தடவிச் சாப்பிடலாம்.

விருந்தில் நிஜ ஈரலும் இருந்தால் இரண்டு கிண்ணத்துக்கும் சீட்டு எழுதி வைப்பது அவசியம். நிறமும் கரகரப்பும் அப்படியே இருப்பதால், சைவக்காரர் கை தவறான கிண்ணத்துக்குப் போய்விடும். அந்தச் சீட்டிலேயே 'வால்நட் உண்டு' என்றும் எழுதிவிடுங்கள். அலர்ஜி உள்ளவர்களும் பந்தியில் இருப்பார்கள்.