எண் போட்ட கடைகள்

கடலுக்கு அப்பால் ஓர் ஆண்டு – 17: பர்மா, 1964

அம்பத்தூர் ஓ.டி. பக்கம் சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் ஓர் அத்தோ வண்டி நிற்கும். மஞ்சள் நூடுல்ஸ், சீவிய முட்டைக்கோஸ், பொரித்த வெங்காயம், பூண்டு, மிளகாய்த்தூள், புளித்தண்ணீர். எல்லாவற்றையும் கையாலேயே பிசைந்து, மேலே பேஜோ என்ற மொறுமொறு வறுவலை நொறுக்கிப் போட்டு, கூடவே ஒரு கிண்ணம் வாழைத்தண்டு சூப் தருவார்கள். “அண்ணே, புளி தூக்கலா போடவா?” என்று கேட்ட பையனுக்கு இருபது வயது இருக்கும். இது எந்த ஊர்ச் சாப்பாடு தம்பி என்றேன். “பர்மாண்ணே.” பர்மா எங்கே இருக்கிறது? “பீச் ஸ்டேஷனுக்கு எதிர்ல.”

பர்மா பஜாரைச் சொல்கிறான். அவனைக் குறை சொல்ல முடியாது. ஒரு நாடு ஒரு நடைபாதையாகச் சுருங்கிப்போன கதைதான் இந்த வாரம்.

1962 மார்ச் 2ஆம் தேதி ஜெனரல் நே வின் ஊ நூவின் அரசைக் கவிழ்த்து ஆட்சியைப் பிடித்ததோடு போன வாரம் நிறுத்தியிருந்தோம். அடுத்த ஆண்டு வங்கிகள் அரசுடைமையாயின. வங்கி போனால் பெரிய முதலாளிக்குத்தான் நஷ்டம், நமக்கென்ன என்று சின்னக் கடைக்காரர்கள் இருந்துவிட்டார்கள்.

அவர்கள் முறை 1964 மார்ச் 19 அன்று வந்தது. ரங்கூனில் மளிகைக்கடை, ஜவுளிக்கடை என்று வரிசையாகக் கடைகளை அரசு எடுத்துக்கொண்டது. கல்லாவும் சரக்கும் கைமாறின. முதலாளியின் பெயர் இருந்த பலகை இறங்கி, ‘மக்கள் கடை’ என்ற பலகை ஏறியது. கடைக்குப் பெயர் கிடையாது, எண்தான். ஏப்ரலில் மற்ற ஊர்களுக்கும் இது பரவியது. இடையில் மார்ச் 28ஆம் தேதி, ஆளும் பர்மா சோசலிசத் திட்டக் கட்சியைத் தவிர எல்லாக் கட்சிகளும் தடை செய்யப்பட்டன. முறையிட ஒரு கட்சி ஆபீஸ்கூட மிச்சமில்லை.

கடை போனாலும் கையில் ரொக்கம் இருக்கிறது, கப்பல் ஏறிவிடலாம் என்று நினைத்தவர்களுக்கு மே 17 வைத்தது அடுத்த அடி. 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவிப்பு வந்தது. அரிசிப் பானைக்குள்ளும் தலையணைக்குள்ளும் பத்திரப்படுத்தியவை பெரிய நோட்டுகளாகத்தானே இருக்கும்? சில்லறை வைத்திருந்தவன் பிழைத்தான், சேர்த்து வைத்திருந்தவன் மாட்டினான். துப்பாக்கிச் சூட்டால் விரட்டினால் உலகம் பேசும். பெயர்ப்பலகையாலும் பண நோட்டாலும் விரட்டியதை யாரும் அவ்வளவாகப் பேசவில்லை.

பர்மியரின் கோபத்துக்குக் காரணம் இல்லாமல் இல்லை. 1931 கணக்கெடுப்பில் ரங்கூன் மக்கள்தொகையில் பாதிக்கு மேல் இந்தியர்கள். ரங்கூன் மொகல் தெருக் கிட்டங்கிகளில் உட்கார்ந்து செட்டியார்கள் கொடுத்த கடனில்தான் கீழ்ப்பர்மா நெல் விளைந்தது. உலகப் பொருளாதார மந்தத்தில் நெல் விலை விழுந்ததும் கடன்பட்ட நிலம் கைமாறியது. முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் 1930இல் 6 சதவீத நிலம் செட்டியார்களிடம் இருந்தது. 1938இல் அது 25 சதவீதம். தன் வயலில் தானே குத்தகைக்காரனாக நின்ற பர்மிய விவசாயி அதை மறப்பானா?

ஆனால் 1964இல் பில் வந்தபோது அதைக் கட்டியது யார் என்று பாருங்கள். அம்பத்தூர்க்காரர்களுக்கு இதன் விடை வீட்டு வாசலிலேயே இருக்கிறது. முருகப்பச் செட்டியார் 1900இல் மௌல்மீனில் லேவாதேவி தொடங்கியவர். உலகப் போருக்கு முன்பே, 1930களில், அந்தக் குடும்பம் மூலதனத்தை இந்தியாவுக்குக் கொண்டுவந்துவிட்டது. 1949இல் ஆங்கிலேயக் கம்பெனியோடு கூட்டுச் சேர்ந்து தொடங்கியதுதான் டி.ஐ. சைக்கிள்ஸ். அம்பத்தூரில் தயாரான ஹெர்குலிஸ் சைக்கிளில் நம் அப்பாக்கள் டபுள்ஸ் போனார்கள். பர்மாவிலிருந்து பணம் முன்னாலேயே வந்து சேர்ந்துவிட்டது. ஆட்கள் பின்னால் வந்தார்கள், வெறுங்கையோடு. துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர், ரிக்‌ஷா இழுத்தவர், தெருமுனையில் பெட்டிக்கடை வைத்தவர். நிலம் எதையும் கைப்பற்றாதவர்கள்.

இன்னொரு வேடிக்கை. நே வின் 1962இல் தன் பாதைக்கு வைத்த பெயர் ‘சோசலிசத்துக்கான பர்மியப் பாதை’. அதற்கு ஏழு ஆண்டு முன்னால், 1955 ஜனவரியில், நம் பக்கத்து ஆவடியில் கூடிய காங்கிரஸ் மாநாடு சமதர்மப் பாணிச் சமுதாயமே லட்சியம் என்று தீர்மானம் போட்டது. இரண்டு ஊரிலும் ஒரே சொல். ரங்கூனில் சிறு வியாபாரியின் கடைக்கு எண் ஒட்டிய 1964ஆம் ஆண்டில்தான் இங்கே சிறு முதலாளிகளுக்கு ஷெட் போட்டுக் கொடுக்க அம்பத்தூர் தொழிற்பேட்டை வந்தது. ஆவடிச் சமதர்மம் ரொம்ப யோக்கியம் என்று சொல்ல வரவில்லை. லைசென்ஸுக்கு அலைந்தவர்களைக் கேட்டால் வேறு கதை சொல்வார்கள். ஆனாலும் ஷெட்டுக்கும் எண் பலகைக்கும் உள்ள தூரம் சின்னதல்ல.

அடுத்த சில ஆண்டுகளில் சுமார் 3 லட்சம் இந்தியர்கள் பர்மாவை விட்டு வந்தார்கள். அரசு அவர்களுக்கு வைத்த பெயர் ‘தாயகம் திரும்பியோர்’. பர்மாவிலேயே பிறந்து, தமிழ்நாட்டைக் கண்ணால் பார்க்காதவர்களுக்கும் அதே பெயர்தான். வராத ஊருக்கு எப்படித் திரும்புவது? வியாசர்பாடியில் ஒரு கூட்டம் குடியேறியது. அம்பத்தூரிலிருந்து செங்குன்றம் சாலையைப் பிடித்துப் போனால் பாடியநல்லூரில் இன்னொரு கூட்டம். பர்மாவில் கும்பிட்ட அங்காள பரமேஸ்வரிக்கு அங்கே கோயில் எழுப்பினார்கள், தீமிதியும் வந்தது. தாயகம் திரும்பியோருக்குத் தொழில் கடன் கொடுக்க ரெப்கோ வங்கி தொடங்கியது 1969இல்தான். அதற்குள் பலர் கடற்கரைச் சாலை நடைபாதையில் வெளிநாட்டுச் சாமான் விற்கப் பழகிவிட்டார்கள். அதுதான் பர்மா பஜார்.

பழகாதவர்களும் உண்டு. இந்த வெயிலும் இந்த அலைச்சலும் ஒத்துவராமல், பர்மாவுக்கே போய்விடலாம் என்று ஒரு கூட்டம் மூட்டை கட்டியது. ரயிலிலும் பஸ்ஸிலும் அசாம் வழியாக மணிப்பூர் எல்லை வரை போனார்கள். பர்மிய அதிகாரிகள் உள்ளே விடவில்லை. சென்னைக்குத் திரும்பவும் மனசில்லை. எல்லைக்கோட்டிலேயே, மோரே என்ற ஊரில், தங்கிவிட்டார்கள். தமிழ்ச் சங்கம் வைத்தார்கள். இட்லிக் கடை போட்டார்கள். அங்கும் அங்காள பரமேஸ்வரிக்கு ஒரு கோயில் இருக்கிறது. அதன் கோபுரம் இருக்கும் இடத்திலிருந்து பர்மா நடந்து போகிற தூரம்தான்.

(தொடரும். அடுத்த வாரம்: அதே 1964, அக்டோபர் 30. டெல்லியில் இலங்கையின் ஸ்ரீமாவோவும் நம் சாஸ்திரியும் 5,25,000 பேரைப் பற்றிப் போட்ட கையெழுத்து.)